அகமதாபாத்துக்குப் போவோம், கணக்கோடு போவோம்

2030-ஆம் ஆண்டு காமன்வெல்த் விளையாட்டுப் போட்டிகள் அகமதாபாத்தில் நடக்கப் போகின்றன. 2025 நவம்பர் 26 அன்று கிளாஸ்கோவில் கூடிய பொதுப்பேரவை அதை உறுதி செய்தது. 1930-இல் கனடாவின் ஹாமில்டன் நகரில் தொடங்கிய போட்டிகளுக்கு இது நூற்றாண்டு. அறிவிப்பு வந்த நாளிலிருந்து எங்கள் நண்பர் வட்டத்தில் பயணப் பேச்சுதான். சென்னையில் நவஜீவன் வண்டி ஏறினால் ஒரு பகலும் ஒரு இரவும் தாண்டித்தான் அகமதாபாத். எங்கே தங்குவது, எந்தப் போட்டிக்குச் சீட்டு வாங்குவது, மணிநகர்ப் பக்கம் ஆலை வேலைக்குப் போய்ச் சேர்ந்த தமிழ்க் குடும்பங்கள் இருக்கின்றனவே, அங்கே இடம் கிடைக்குமா என்றெல்லாம் விசாரணை நடக்கிறது.

நானும் போவதாகத்தான் இருக்கிறேன். "சாதி ஒழிப்பு பேசுகிறவர்களுக்கு அந்தத் திருவிழாவில் என்ன வேலை?" என்று ஒரு தோழர் கேட்டார். என் பதில் எளிமையானது. அந்த அரங்கம் நம் பணத்தில், நம் உழைப்பில், பல நேரம் நம் குடிசை இருந்த இடத்தில் எழும்புகிறது. அதை அவர்களிடமே விட்டுவிட்டு வீட்டில் உட்கார்ந்திருப்பதில் நமக்கு எந்த இலாபமும் இல்லை. ஓட்டத்தையும் குத்துச்சண்டையையும் நேரில் பார்க்கும் மகிழ்ச்சி நமக்கும் உரியது. ஆனால் பயணத் திட்டம் போடும்போது இரயில், அறை, சீட்டு ஆகிய மூன்றோடு நான்காவதாக ஒன்றையும் எழுதிக்கொள்ள வேண்டும் என்கிறேன். அதுதான் கணக்கு. நான் உட்காரப்போகும் இருக்கை யாருடைய பணத்தில், யாருடைய நிலத்தில், யாருடைய கூலியில் வந்தது என்ற கணக்கு. அதை 2030-இல் அரங்கத்துக்குள் போய்க் கேட்க முடியாது. இப்போதே கேட்க வேண்டும். ஏன் என்பதற்கு டெல்லி சாட்சி சொல்கிறது.

2010 அக்டோபர் 3 முதல் 14 வரை டெல்லியில் காமன்வெல்த் போட்டிகள் நடந்தன. இந்தியா 38 தங்கம் உட்பட 101 பதக்கங்கள் வென்று இரண்டாம் இடம் பிடித்தது. அந்தப் போட்டிகள் என்றாலே பலருக்கும் நினைவுக்கு வருவது ஊழல். சுரேஷ் கல்மாடியின் பெயரும், நேரு அரங்கத்துக்கு அருகே இடிந்து விழுந்த நடைமேம்பாலமும் அன்று எல்லாத் தொலைக்காட்சிகளிலும் ஓடின. ஆனால் அதே காலத்தில் வெளிவந்த இன்னொரு செய்தியை நாடு வேகமாக மறந்துவிட்டது.

பட்டியலின மக்களுக்கான சிறப்பு உட்கூறுத் திட்டம் 1979-80-இல் தொடங்கியது. அரசின் திட்ட நிதியில் பட்டியலின மக்கள்தொகையின் விகிதத்துக்கு ஏற்ற பங்கைத் தனியே ஒதுக்கி, அவர்களுடைய முன்னேற்றத்துக்கு மட்டும் செலவிட வேண்டும் என்பதே அதன் விதி. வேறு வேலைக்குத் திருப்பக் கூடாது, செலவழியாமல் காலாவதியாகவும் விடக் கூடாது. டெல்லியில் 2001 கணக்கெடுப்பின்படி பட்டியலின மக்கள் ஏறத்தாழ 17 விழுக்காடு. அவர்களுக்கான வீடு, கல்வி உதவித்தொகை, விடுதி, தொழில் கடன் எல்லாவற்றுக்கும் ஆதாரம் இந்த நிதிதான். வீட்டுவசதி மற்றும் நில உரிமை வலையமைப்பு என்ற அமைப்பு தகவல் பெறும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்டுப் பெற்ற விவரங்களை 2010-இல் வெளியிட்டது. 2006-07 முதல் 2010-11 வரை டெல்லி அரசு இந்த நிதியிலிருந்து சுமார் 744 கோடி ரூபாயைக் காமன்வெல்த் போட்டிப் பணிகளுக்குத் திருப்பியிருந்தது அப்போது தெரியவந்தது. நாடாளுமன்றத்தில் பெரும் கூச்சல் எழுந்தது. நிதியைத் திருப்பியது தவறாகவே தோன்றுகிறது என்று அன்றைய உள்துறை அமைச்சர் ப. சிதம்பரமே மாநிலங்களவையில் ஒப்புக்கொள்ள வேண்டிவந்தது.

கல்மாடி வழக்கில் பேசப்பட்ட பணத்துக்கு ஊழல் என்று பெயர். இந்தப் பணத்துக்கு 'நிதி மாற்றம்' என்று பெயர். இரண்டுக்கும் உள்ள வேறுபாட்டைக் கவனியுங்கள். ஊழல் செய்கிறவன் ஒளிந்து செய்கிறான். நிதி மாற்றமோ கோப்பில் எழுதி, கையெழுத்துப் போட்டு, முத்திரை குத்திச் செய்யப்படுகிறது. சாலை போட்டால் தலித்துகளும் அதில் நடப்பார்கள், விளக்கு போட்டால் அந்த வெளிச்சம் சேரியிலும் விழும் என்று சொல்லி, பொதுச் செலவில் ஒரு பங்கைப் பட்டியலினக் கணக்கில் எழுதிவிடுவது நம் அரசுகளின் பழைய வழக்கம். கர்நாடகத்தில் இந்த நிதிக்கென்று கொண்டுவந்த சட்டத்திலேயே இப்படி எழுத வழிவிடும் ஒரு பிரிவு இருந்தது. பல ஆண்டுப் போராட்டத்துக்குப் பிறகு 2023-இல்தான் அது நீக்கப்பட்டது. பொதுச் சாலையில் நடக்கும் உரிமைக்கே போராட வேண்டியிருந்த மக்களிடம், அந்தச் சாலைக்குத் தனிக் கட்டணமும் வாங்கும் ஏற்பாடு இது.

பணத்துக்கு அடுத்தது நிலம். 2010 ஏப்ரலில் டெல்லி ஜங்புராவில் பாராபுல்லா வடிகால் ஓரம் இருந்த ஒரு குடியிருப்பு இடிக்கப்பட்டது. தமிழ்நாட்டிலிருந்து பிழைக்கப் போன தலித் குடும்பங்கள், 350-க்கும் மேல், பல ஆண்டுகளாக அங்கே வாழ்ந்து வந்தன. போட்டிக்கான பேருந்துகளை நிறுத்த இடம் வேண்டும் என்பதே இடித்ததற்கான காரணம். பன்னிரண்டு நாள் நடக்கும் போட்டிக்கு வரும் பேருந்து நிற்க, ஒரு தலைமுறை வாழ்ந்த வீடு போனது. சொந்த ஊரில் நிலமில்லை என்பதற்காக டெல்லி போனவர்களுக்கு அங்கேயும் நிலமில்லை என்று ஆனது. 2025 சூன் 1 அன்று அதே வடிகால் ஓரத்தில் இருந்த மதராசி முகாமும் இடிக்கப்பட்டது. இந்த முறை சொன்ன காரணம் வடிகால் அடைப்பு. ஏறத்தாழ 370 வீடுகளில் 189 குடும்பங்களுக்கு மட்டுமே, அதுவும் தொலைவில் உள்ள நரேலாவில், மாற்று வீடு பெறத் தகுதி உண்டு என்றார்கள். காரணம் ஆண்டுக்கு ஆண்டு மாறுகிறது. இடிபடும் வீடு யாருடையது என்பது மாறுவதில்லை.

மூன்றாவது கூலி. இதற்கு 2010-க்கும் பின்னால், 1982-க்குப் போக வேண்டும். அந்த ஆண்டு டெல்லியில் ஆசிய விளையாட்டுப் போட்டி. மேம்பாலம், அரங்கம், வீரர் குடியிருப்பு கட்ட இராசத்தான், உத்தரப்பிரதேசம், ஒடிசாவிலிருந்து ஜமாதார்கள் எனப்படும் கூலித் தரகர்கள் ஆட்களைக் கூட்டிவந்தார்கள். குறைந்தபட்சக் கூலி நாளுக்கு 9 ரூபாய் 25 காசு. ஒப்பந்ததாரர் அதை ஜமாதாரிடம் கொடுப்பார். தலைக்கு ஒரு ரூபாயை ஜமாதார் தரகாக எடுத்துக்கொள்வார். பெண்களுக்கு 7 ரூபாய்தான் கையில் போனது. மக்கள் ஜனநாயக உரிமைகள் ஒன்றியம் உச்சநீதிமன்ற நீதிபதி பகவதிக்கு ஒரு கடிதம் எழுதியது. அந்தக் கடிதமே வழக்கு மனுவாக எடுத்துக்கொள்ளப்பட்டது. குறைந்தபட்சக் கூலிக்கும் குறைவாகக் கொடுத்து வேலை வாங்குவது அரசியலமைப்பின் 23-ஆம் பிரிவு தடை செய்யும் கட்டாய உழைப்பே என்று 1982 செப்டம்பரில் தீர்ப்பு வந்தது. போட்டி தொடங்கியது நவம்பரில்.

அந்த 23-ஆம் பிரிவில் 'பேகார்' என்ற சொல்லே இருக்கிறது. கூலியில்லாமல், பிறப்பின் பேரால் வாங்கப்படும் வேலை அது. மகர்களைக் கட்டிப்போட்டிருந்த வதன் முறையை மாற்ற 1928-இலேயே பம்பாய் சட்டமன்றத்தில் மசோதா கொண்டுவந்தவர் அண்ணல் அம்பேத்கர். ஊருக்குச் சாவுச் செய்தி சொல்லவும், அதிகாரியின் மூட்டையைத் தூக்கவும் பிறந்தவர்கள் என்று ஒரு சாதியை ஒதுக்கிவைத்த கொடுமையை எதிர்த்து எழுந்த போராட்டம்தான், பல ஆண்டுகள் கழித்து, ஒரு விளையாட்டு அரங்கத்தின் சாரத்தில் நின்ற தொழிலாளிக்கும் கைகொடுத்தது. ஆனாலும் 2010-இல் அதே நகரத்தில் அதே கதை நடந்தது. டெல்லி உயர்நீதிமன்றம் குழு அமைத்து விசாரிக்க வேண்டியிருந்தது. குறைந்தபட்சக் கூலி இல்லை, பாதுகாப்புக் கருவி இல்லை, பதிவு இல்லை, தங்குமிடத்தில் கழிப்பறை இல்லை என்று அந்தக் குழு சொன்னது. வேலையிடங்களில் தொழிலாளர்கள் இறந்ததும் பதிவானது. அறிக்கை வந்த சில மாதத்தில் வாணவேடிக்கை தொடங்கிவிட்டது.

இந்த முறை நிலைமை இன்னும் கடினம். 1982 தீர்ப்பு துணைக்கு எடுத்துக்கொண்ட குறைந்தபட்சக் கூலிச் சட்டம், ஒப்பந்தத் தொழிலாளர் சட்டம், மாநிலம்விட்டு மாநிலம் போகும் தொழிலாளர் சட்டம், சம ஊதியச் சட்டம் எல்லாம் நான்கு தொழிலாளர் தொகுப்புகளுக்குள் கரைக்கப்பட்டுவிட்டன. அந்தத் தொகுப்புகள் நடைமுறைக்கு வந்தது 2025 நவம்பர் 21 அன்று. அகமதாபாத்துக்குப் போட்டி உறுதியானது அதிலிருந்து ஐந்தாம் நாள். புதிய அரங்கங்களைக் கட்டப்போகும் தொழிலாளிக்குப் பழைய தீர்ப்பு இருக்கிறது, பழைய சட்டங்கள் இல்லை.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். 2010-இல் வீரர் குடியிருப்பு அசுத்தமாகக் கிடக்கிறது என்று வெளிநாட்டு அணிகள் புகார் சொன்னபோது, தூய்மை பற்றிய அளவுகோல் அவர்களுக்கு வேறு, நமக்கு வேறு என்று அமைப்புக் குழுவின் செயலாளர் லலித் பனோட் சொன்னார். உலகம் சிரித்தது, இங்கே பலரும் தலைகுனிந்தார்கள். நாட்டின் மானம் போயிற்றே என்ற கவலை எல்லோருக்கும் இருந்தது. இந்த நாட்டில் தூய்மை செய்யும் வேலை ஏன் இன்னமும் பிறப்பால் தீர்மானிக்கப்படுகிறது என்ற கேள்வியை யாரும் எழுப்பவில்லை. அழுக்காக்கும் உரிமை ஒருவனுக்கும் அள்ளும் கடமை இன்னொருவனுக்கும் என்று பிரித்து வைத்திருக்கும் சமூகத்தில் அளவுகோல் இரண்டாகத்தான் இருக்கும். பனோட் தெரியாமலே ஓர் உண்மையைத்தான் சொன்னார்.

இப்போது அகமதாபாத்தைப் பாருங்கள். 2020 பிப்ரவரியில் டிரம்ப் மோடேரா அரங்கத்துக்கு வந்தபோது, அவர் வரும் வழியில் சரணியாவாஸ் குடிசைப் பகுதியை மறைத்து மாநகராட்சி சுவர் எழுப்பியது. கத்தி சாணை பிடித்துப் பிழைத்த நாடோடி மக்கள் வாழும் இடம் அது. ஒரு நாள் விருந்தாளிக்கே சுவர் என்றால், உலகமே வரும்போது என்ன நடக்கும்? சபர்மதி ஆற்றங்கரைத் திட்டத்துக்காக ஆயிரக்கணக்கான தலித், முஸ்லிம் குடும்பங்கள் கரையிலிருந்து அகற்றப்பட்டன. பலரை நகரத்துக்கு வெளியே பிப்லஜ் பக்கம் குப்பைமேட்டின் அருகே கொண்டுபோய் விட்டார்கள். ஆனால் அந்த மக்கள் சும்மா இருக்கவில்லை. அமைப்பாகத் திரண்டு 2005-இல் உயர்நீதிமன்றம் போனார்கள். அதனால்தான் பல ஆயிரம் குடும்பங்களுக்கு மாற்று வீடு கிடைத்தது. கேட்டவர்களுக்கே கிடைத்தது, இடிப்பதற்கு முன்பே கேட்கத் தொடங்கியதால் கிடைத்தது. நாம் கற்க வேண்டிய பாடம் இதுதான்.

ஆகவே போக நினைக்கும் தோழர்களுக்குச் சொல்கிறேன். சீட்டு விற்பனை தொடங்க இன்னும் காலம் இருக்கிறது. அதற்கு முன் ஒரு தகவல் உரிமை மனு போடலாம். பத்து இருபது ரூபாய் கட்டணம், 30 நாளில் பதில் தர வேண்டும். ஒன்றிய வரவுசெலவு அறிக்கையில் பட்டியலின மக்களுக்கான ஒதுக்கீடு 10ஏ என்ற அறிக்கையில் தனியே அச்சாகிறது. ஒவ்வோர் ஆண்டும் அதைப் புரட்டிப் பார்க்கலாம். நம் தொகுதி நாடாளுமன்ற உறுப்பினரிடம் மூன்று கேள்விகளை எழுதிக் கொடுத்து அவையில் கேட்கச் சொல்லலாம். காமன்வெல்த் பணிகளுக்குப் பட்டியலின, பழங்குடி நிதியிலிருந்து ஒரு ரூபாய்கூட எடுக்கப்படாது என்று அரசு எழுத்தில் உறுதி தருமா? அரங்கங்களுக்காக அகற்றப்படும் குடும்பங்களின் பட்டியலையும் மாற்று இடத்தையும் இடிப்பதற்கு முன்பே வெளியிடுமா? கட்டுமான, துப்புரவுத் தொழிலாளர் ஒவ்வொருவரின் கூலியும் தரகர் கையில் போகாமல் அவரவர் கையில் சேர்வதை யார் கண்காணிப்பார்கள்?

இவற்றோடு ஒரு பெரிய கோரிக்கையும் உண்டு. ஆந்திரம், கர்நாடகம், தமிழ்நாடு போன்ற மாநிலங்கள் பட்டியலின, பழங்குடி மக்களுக்கான நிதியைக் காக்கத் தனிச் சட்டம் இயற்றியிருக்கின்றன. தமிழ்நாட்டுச் சட்டம் 2024-இல்தான் வந்தது. ஒன்றிய அரசுக்கு அப்படியொரு சட்டம் இன்றுவரை இல்லை. வழிகாட்டு நெறிமுறைகள் இருந்தும் 744 கோடி போனது என்பதால், சட்டம் இல்லாமல் இந்தப் பணத்துக்குப் பாதுகாப்பு இல்லை. 2036 ஒலிம்பிக்கையும் அகமதாபாத்துக்குக் கொண்டுவர முயல்கிறார்கள். காமன்வெல்த்தைவிட அது பல மடங்கு பெரிய செலவு. இன்று பூட்டாத கதவை அன்று பூட்ட முடியாது.

1,32,000 பேர் உட்காரும் மோடேரா அரங்கத்தில் நமக்கும் இடம் உண்டு. விருந்தாளியாக அழைத்தார்கள் என்று போக வேண்டாம். பங்குதாரர்களாகப் போவோம். பங்குதாரருக்குக் கைதட்டும் உரிமையும் உண்டு, கணக்குக் கேட்கும் உரிமையும் உண்டு. கைதட்ட இன்னும் நான்கு ஆண்டு இருக்கிறது. கணக்குக் கேட்கும் வேலையை இந்த மாதமே தொடங்குவோம்.