எம்சிபி இருந்தா ஷாக் அடிக்காதா? தறி வீடுகள் தெரிஞ்சுக்க வேண்டிய 'டி' பட்டன்

வடகிழக்குப் பருவமழை வந்தாலே காஞ்சிபுரம் பிள்ளையார்பாளையம் போன்ற நெசவாளர் பகுதிகளில் முதல் கவலை தறிக்குழிதான். குழித்தறியில் நெசவாளர் தரையோடு தரையாக உட்கார்ந்து, கால்களைக் குழிக்குள் விட்டு மிதித்து நெய்கிறார். மழைக்காலத்தில் அந்தக் குழியில் ஈரம் ஊறும். சில வீடுகளில் தண்ணீரே நிற்கும்.

தலைக்கு மேலே ட்யூப்லைட், பக்கத்தில் ஃபேன். சில வீடுகளில் நூல் சுற்ற ஒரு சின்ன மோட்டார், ஜக்கார்டைத் தூக்க இன்னொரு மோட்டார். கால் ஈரத்தில், கை கரன்ட்டுக்குப் பக்கத்தில்.

"எங்க வீட்லதான் எம்சிபி போட்டாச்சே, அப்புறம் என்ன பயம்?" என்று கேட்பவர்கள் நிறைய. அதில் பாதிதான் உண்மை.

எம்சிபி யாரைக் காப்பாற்றுது?

ஒயரை. லோடு அதிகமானாலோ ஷார்ட் சர்க்யூட் ஆனாலோ, ஒயர் சூடாகித் தீப்பிடிக்கும் முன் எம்சிபி கரன்ட்டை நிறுத்தும். அதன் வேலை அவ்வளவுதான்.

ஒரு சின்ன கணக்கு போடலாம். ஈரக் காலோடு இருப்பவரின் உடல் மின்தடை தோராயமாக 1000 ஓம் என்று வைத்துக்கொள்வோம். 230 வோல்ட் பட்டால் உடலில் 0.23 ஆம்பியர் பாயும். இதயத் துடிப்பைக் குலைக்க இது தாராளம். ஆனால் 6 ஆம்பியர் எம்சிபிக்கு இது ஐம்பது வாட் பல்பு ஒன்று எரிவது மாதிரிதான். அது அசையவே அசையாது.

அப்போ மனுஷனைக் காப்பாற்றுவது எது?

ஆர்சிசிபி. பொதுவாக ஆர்சிடி என்றும் சொல்வார்கள். ஃபேஸ் வழியாகப் போகும் கரன்ட் அத்தனையும் நியூட்ரல் வழியாகத் திரும்பி வருகிறதா என்று இது கணக்குப் பார்த்துக்கொண்டே இருக்கும். யாரோ ஒருவர் உடம்பு வழியாகவோ ஈரச் சுவர் வழியாகவோ கரன்ட் தரைக்குக் கசிந்தால் கணக்கு உதைக்கும். கசிவு 30 மில்லி ஆம்பியரைத் தொட்டால் அரை நொடிகூட ஆகாது, ட்ரிப் ஆகிவிடும்.

ஆனால் இது லோடைப் பார்க்காது. ஃபேஸ், நியூட்ரல் இரண்டையும் ஒருவர் சேர்த்துத் தொட்டாலும் இதற்குத் தெரியாமல் போகலாம். அதனால் பாக்ஸில் எம்சிபி, ஆர்சிசிபி இரண்டும் வேண்டும்.

விதி என்ன சொல்லுது?

மத்திய மின்சார ஆணையத்தின் 2023 பாதுகாப்பு விதிமுறைகளின்படி, 2 கிலோவாட்டும் அதற்கு மேலும் உள்ள வீட்டு இணைப்புகளில் 30 மில்லி ஆம்பியருக்கு மிகாத கசிவுத் தடுப்புக் கருவி இருக்க வேண்டும். தமிழ்நாடு மின்சார ஒழுங்குமுறை ஆணையமும் ஆர்சிடியைக் கட்டாயமாக்கியிருக்கிறது. ஆனாலும் பழைய ஃபியூஸ் கட்டையோடு ஓடும் வீடுகள் இன்னும் இருக்கின்றன.

மீட்டருக்கு அப்புறம் யார் பொறுப்பு?

சிக்கல் இங்கேதான். 2023 மார்ச் முதல் கைத்தறி நெசவாளர்களுக்கு இரண்டு மாதத்துக்கு 300 யூனிட் மின்சாரம் இலவசம். கட்டணச் சுமை குறைந்தது நல்ல விஷயம். ஆனால் மீட்டரைத் தாண்டிய ஒயரிங், பாக்ஸ், எர்த் எல்லாம் வீட்டுக்காரர் பொறுப்பு. கூலிக்கு நெய்பவர், அதுவும் வாடகை வீட்டில் இருப்பவர் என்றால், "இதை நான் மாத்தணுமா, ஓனர் மாத்தணுமா?" என்பதிலேயே வருஷம் ஓடிவிடும்.

மத்திய அரசின் ஹத்கர்கா சம்வர்தன் சகாயதா திட்டத்தில் தறி, தறி உபகரணங்களின் விலையில் 90 சதவீதம் வரை அரசு தருகிறது. தறிக்குக் கிடைக்கும் அந்த உதவி, தறியில் உட்காருபவரைக் காக்கும் ஆர்சிசிபிக்கும் நீட்டிக்கப்பட்டால் பெரிய செலவு ஆகிவிடாது.

நீங்களே பார்க்கக்கூடியவை

* பாக்ஸில் 'டி' அல்லது 'டெஸ்ட்' என்று எழுதிய சின்ன பட்டன் இருக்கா? இல்லையென்றால் உங்கள் வீட்டில் ஆர்சிசிபி இல்லாமல் இருக்கலாம். எலக்ட்ரீஷியனிடம் கேட்டு உறுதி செய்யுங்கள்.
* இருந்தால் மாதம் ஒருமுறை, கரன்ட் இருக்கும்போது அழுத்துங்கள். மோட்டாரை முன்பே ஆஃப் செய்துவிடுங்கள். டக்கென்று ட்ரிப் ஆக வேண்டும். ஆகவில்லை என்றால் உடனே மாற்றுங்கள்.
* பாக்ஸ் சூடாக இருக்கா, கருகின வாசனை வருதா, பழுப்புக் கறை தெரியுதா? ஸ்க்ரூ லூஸாகி இருக்கலாம்.

எலக்ட்ரீஷியனிடம் விட வேண்டியவை

மெயினை ஆஃப் செய்தாலும் மீட்டரிலிருந்து பாக்ஸுக்கு வரும் ஒயரில் கரன்ட் இருக்கும். அதனால் மூடியைக் கழற்றும் வேலை உரிமம் பெற்றவருடையது. வருஷம் ஒருமுறை ஸ்க்ரூக்களை இறுக்கி, எர்த்தையும் சோதிக்கச் சொல்லுங்கள்.

எம்சிபி அடிக்கடி விழுந்தால் அதைவிடப் பெரிய எம்சிபி போடச் சொல்லாதீர்கள். ஒயர் அதே பழைய ஒயர்தான், அது தாங்காது. ஃபியூஸ் கட்டையில் தடிமனான கம்பி சுற்றுவதும் இதே தப்புதான்.

ஆர்சிசிபி அடிக்கடி ட்ரிப் ஆனால், "தொல்லையா இருக்கு, எடுத்துடுங்க" என்று சொல்லிவிடாதீர்கள். நியூட்ரலும் எர்த்தும் எங்காவது சேர்ந்திருக்கலாம், அல்லது ஈரச் சுவரில் ஒயர் கசியலாம். அதைக் காட்டிக்கொடுப்பதுதான் அதன் வேலை.

வீட்டுக்குள் தண்ணீர் வந்துவிட்டால்?

தண்ணீரில் நின்றபடி மெயினைத் தொடாதீர்கள். வெளியே வந்து மின்வாரியத்தின் மின்னகம் எண் 94987 94987-ஐ அழைத்து இணைப்பைத் துண்டிக்கச் சொல்லுங்கள். தண்ணீர் வடிந்தாலும் எலக்ட்ரீஷியன் பார்த்த பிறகே கரன்ட் போடலாம்.

இந்த மழைக்கு முன் தறிக்குழியை எட்டிப் பார்க்கும்போது, பாக்ஸில் அந்த 'டி' பட்டனையும் ஒருமுறை அழுத்திப் பார்த்துவிடுங்கள்.