ஏழை நாடுகளின் பெயரில் பிரிட்டன் எழுதும் பொய்க் கணக்கு

2022-ஆம் ஆண்டில் வெளிநாட்டு உதவிக்காகச் செலவிட்டதாகப் பிரிட்டன் உலகுக்குக் காட்டிய தொகை ஏறத்தாழ 1,280 கோடி பவுண்டு. அதில் சுமார் 370 கோடி பவுண்டு அந்நாட்டின் எல்லையையே தாண்டவில்லை. தஞ்சம் கேட்டு வந்தவர்களைத் தங்கவைத்த ஹோட்டல்களின் வாடகையாகவும், உக்ரைனிலிருந்தும் ஆப்கானிஸ்தானிலிருந்தும் வந்தவர்களின் பராமரிப்புச் செலவாகவும் அந்தப் பணம் பிரிட்டனுக்குள்ளேயே தீர்ந்தது. நூறு பவுண்டு உதவி என்றால் அதில் இருபத்தொன்பது பவுண்டு உள்ளூர்ச் செலவு.

அதே ஆண்டில்தான் சோமாலியாவிலும் எத்தியோப்பியாவிலும் மழை தொடர்ந்து பொய்த்து, ஆடுமாடுகள் மடிந்து, பிள்ளைகள் எலும்பும் தோலுமாய்க் கிடந்தார்கள். பாகிஸ்தானில் பெருவெள்ளம் ஊர் ஊராக விழுங்கியது. உலகெங்கும் நிகழ்ந்த இத்தகைய பேரிடர்களுக்கெல்லாம் சேர்த்துப் பிரிட்டன் அந்த ஆண்டு நேரடியாகக் கொடுத்த மனிதாபிமான உதவி ஏறத்தாழ 110 கோடி பவுண்டுதான். உள்நாட்டில் செலவானது அதைப்போல் மும்மடங்குக்கும் மேல். இரண்டும் ஒரே தலைப்பின்கீழ் எழுதப்பட்டன. இந்தக் கணக்கை நாம் வன்மையாகக் கண்டிக்கிறோம்.

பிரிட்டன் அரசு இதற்குச் சொல்லும் சமாதானம் நமக்குத் தெரியும். பணக்கார நாடுகளின் உதவிக் கணக்குக்கு விதி வகுக்கும் ஓஇசிடி அமைப்பு இதை அனுமதிக்கிறது. அகதி ஒருவர் வந்து சேர்ந்த முதல் 12 மாதச் செலவை வெளிநாட்டு உதவி என்று எழுதிக்கொள்ளலாம் என்கிறார்கள். விதி இருப்பது உண்மை. ஆனால் அது அனுமதி மட்டுமே. எழுதியே தீர வேண்டும் என்று யாரும் கட்டாயப்படுத்தவில்லை. ஆஸ்திரேலியா அப்படி எழுதுவதில்லை. சின்னஞ்சிறு லக்சம்பர்க் எழுதுவதில்லை. 2016-இல் பிரிட்டனின் உதவிக் கணக்கில் இந்தச் செலவின் பங்கு 3 விழுக்காடு அளவில்தான் இருந்தது. ஆறே ஆண்டுகளில் அது 29 விழுக்காடானது. 2023-இல் 430 கோடி பவுண்டு. 2024-இல் சற்றே குறைந்தபோதும் 280 கோடி, அதாவது மொத்த உதவியில் ஐந்தில் ஒரு பங்கு. விதிவிலக்காக விடப்பட்ட ஒரு சந்தின் வழியாக ஏழை நாடுகளுக்கான பணம் ஆண்டுதோறும் வெளியேறிக்கொண்டிருக்கிறது.

இது நடக்கும் விதம் இன்னும் மோசமானது. உதவித் தொகைக்கு உச்சவரம்பு உண்டு. அந்த வரம்புக்குள் உள்துறை அமைச்சகம் ஹோட்டலுக்கு எவ்வளவு கொடுத்தாலும், அவ்வளவும் வெளியுறவு அமைச்சகத்தின் கையிலிருக்கும் திட்டப் பணத்திலிருந்து குறைகிறது. செலவு செய்வது ஒரு துறை, இழப்பது இன்னொரு துறை. கடைத்தேங்காயை எடுத்து வழிப்பிள்ளையாருக்கு உடைப்பவருக்குத் தேங்காய் விலை எதற்கு? உள்துறைக்குச் செலவைக் கட்டுப்படுத்தும் அவசியமே எழவில்லை என்று பிரிட்டனின் சொந்தக் கண்காணிப்பு அமைப்பான உதவித் தாக்கத்துக்கான சுதந்திர ஆணையமே 2023 மார்ச்சில் சுட்டிக்காட்டியது. அதற்கு முந்தைய கோடையில் அவசியமற்றவை என்று கருதப்பட்ட உதவிச் செலவுகள் அனைத்தும் நிறுத்திவைக்கப்பட்டிருந்தன. நிலைமை முற்றிப்போய், நிதி அமைச்சகம் இரண்டு ஆண்டுகளுக்கு 250 கோடி பவுண்டு கூடுதலாக ஒதுக்க நேர்ந்தது. அதுவும் ஓட்டையை அடைக்கப் போதவில்லை.

இங்கே ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். தஞ்சம் கேட்டு வந்தவர்மீது நமக்குத் துளியும் குறையில்லை. அவர்களில் நம் ஈழத்து உறவுகளும் உண்டு. உயிருக்கு அஞ்சி வந்தவருக்குக் கூரையும் சோறும் கொடுப்பது பிரிட்டனின் சட்டக் கடமை. அந்தக் கடமையைத் தன் பணத்தில் செய்ய வேண்டும் என்பதுதான் நம் வாதம். விண்ணப்பம் தீர்க்கப்படாமல் ஓராண்டு கடக்கும்வரை வேலை செய்ய அனுமதி கேட்கக்கூட அவர்களுக்கு உரிமையில்லை. உழைத்துச் சாப்பிடத் தயாராக இருப்பவரைத் தடுத்து, ஹோட்டல் அறையில் அடைத்து, அந்த வாடகைச் சீட்டை ஏமனின் தலையிலும் சோமாலியாவின் தலையிலும் கட்டுவதை எந்த நேர்மையில் சேர்ப்பது?

பிரிட்டன் இந்த வழியில் முன்பே ஒருமுறை நடந்து, நீதிமன்றத்தில் தலைகுனிந்திருக்கிறது. அந்தக் கதையை இன்றைய அமைச்சர்கள் மறந்திருந்தால் நினைவூட்ட வேண்டியது நம் கடமை.

மலேசியாவின் கிளந்தான் மாநிலத்தில் பெர்காவ் என்ற ஆற்றில் அணை கட்ட 23.4 கோடி பவுண்டு உதவி அளிக்க மார்கரெட் தாட்சர் காலத்து பிரிட்டன் முன்வந்தது. அதுவரை பிரிட்டன் உதவிப் பணத்தில் எடுத்த திட்டங்களில் அதுதான் மிகப் பெரியது. அணை லாபமற்றது, மலேசிய மக்களுக்கு எரிவாயு மின்சாரமே மலிவு என்று அதிகாரிகள் கணக்குப் போட்டுக் காட்டினார்கள். உதவித் துறையின் செயலர் டிம் லான்கெஸ்டர், இந்தச் செலவுக்கு என்னால் பொறுப்பேற்க முடியாது, எழுத்தில் உத்தரவு தாருங்கள் என்று கேட்டார். வெளியுறவு அமைச்சர் டக்ளஸ் ஹெர்ட் 1991-இல் உத்தரவு தந்தார். ஏன் இந்தப் பிடிவாதம் என்பது பின்னால் வெளிவந்தது. 1988-இல் பாதுகாப்பு அமைச்சர் ஜார்ஜ் யங்கர் மலேசியாவுடன் கையெழுத்திட்ட ஆவணத்தில், ஆயுத வணிகத்தின் மதிப்பில் ஒரு பங்கு உதவியாகத் திரும்பும் என்று ஒப்புக்கொள்ளப்பட்டிருந்தது. ஏழைக்கென்று ஒதுக்கிய பணம் போர் விமான விற்பனைக்குக் கமிஷனாக மாறியிருந்தது.

உலக வளர்ச்சி இயக்கம் என்ற தன்னார்வ அமைப்பு வழக்குத் தொடுத்தது. 1994 நவம்பரில் உயர் நீதிமன்றம் அந்த உதவி சட்டவிரோதம் என்று தீர்ப்பளித்தது. பிரிட்டன் பாடம் படித்தது என்றுதான் எல்லோரும் நம்பினோம். 1997-இல் உதவிக்கென்று தனி அமைச்சகம் பிறந்தது. கிளேர் ஷார்ட் அதன் முதல் அமைச்சர். எங்கள் நிறுவனங்களிடம்தான் பொருள் வாங்க வேண்டும் என்ற நிபந்தனை 2001-இல் நீக்கப்பட்டது. வறுமையைக் குறைக்கும் என்று அமைச்சர் மனநிறைவு அடைந்தாலொழிய உதவி தரக் கூடாது என்று 2002-ஆம் ஆண்டுச் சட்டம் கட்டளையிட்டது. மொத்த தேசிய வருமானத்தில் 0.7 விழுக்காடு என்று ஐ.நா. பொதுச் சபை 1970-இல் வைத்த இலக்கை 2013-இல் எட்டி, 2015-இல் அதைச் சட்டமாகவும் ஆக்கியது பிரிட்டன். அதற்காக அந்நாட்டை உலகம் மதித்தது. அந்த மதிப்பு நியாயமானதே.

அப்படிக் கட்டியதைத்தான் கல் கல்லாகப் பெயர்த்துக்கொண்டிருக்கிறார்கள். 2020 செப்டம்பரில் தனி அமைச்சகம் வெளியுறவுத் துறைக்குள் கரைக்கப்பட்டது. இரண்டே மாதங்களில், கொரோனாவைக் காரணம் காட்டி, உதவி 0.5 விழுக்காடாகக் குறைக்கப்படும் என்று நிதி அமைச்சர் ரிஷி சுனக் அறிவித்தார். தற்காலிகம் என்றார்கள். குறைப்பின் விளைவு எங்கே விழுந்தது? ஐ.நா. மக்கள்தொகை நிதியத்தின் குடும்பக் கட்டுப்பாட்டுப் பொருள்களுக்கு எதிர்பார்க்கப்பட்ட 15.4 கோடி பவுண்டு, சுமார் 2.3 கோடியாகச் சுருங்கியது. தராமல் நிறுத்திய அந்தப் பணம் ஏறத்தாழ இரண்டரை லட்சம் தாய்சேய் மரணங்களைத் தடுக்க உதவியிருக்கும் என்று அந்த நிதியம் மதிப்பிட்டது. போலியோ ஒழிப்புக்கான 10 கோடி 50 லட்சமானது. போரில் நொறுங்கிய ஏமனுக்கு முந்தைய ஆண்டு 16 கோடி உறுதியளித்த நாடு 2021-இல் 8.7 கோடியோடு நிறுத்திக்கொண்டது. பெருந்தொற்று உச்சத்தில் இருந்தபோது இது நடந்தது.

வறுமை ஒழிப்பு என்ற சட்டச் சோதனை ஹோட்டல் வாடகைக்குப் பொருந்தாதது ஏன் என்று வாசகர் கேட்கலாம். தஞ்சம் கோருவோருக்கான செலவை உள்துறை தன் குடியேற்றச் சட்ட அதிகாரத்தில் செய்கிறது. 2002 சட்டம் அதைத் தொடுவதேயில்லை. கணக்கில் மட்டும் உதவி, சட்டத்தின் பார்வையில் உதவி அல்ல. பெர்காவ் வழக்கில் பிடிபட்டது போலப் பிடிபடாமல் இருக்க இதைவிட வசதியான ஏற்பாடு இல்லை.

2024-இல் ஆட்சிக்கு வந்த தொழிற்கட்சி இதைத் திருத்தும் என்று எதிர்பார்த்தோம். நிதிநிலை இடம் கொடுத்ததும் 0.7 விழுக்காட்டுக்குத் திரும்புவோம் என்று தேர்தல் அறிக்கையில் எழுதிய கட்சி அது. 2025 பிப்ரவரி 25 அன்று பிரதமர் கியர் ஸ்டார்மர் நாடாளுமன்றத்தில் எழுந்து, 2027-க்குள் உதவி 0.3 விழுக்காடாகக் குறைக்கப்படும், அந்தப் பணம் பாதுகாப்புச் செலவுக்குப் போகும் என்று அறிவித்தார். தேசிய வருமானம் நூறு பவுண்டு என்றால் முப்பது பென்ஸ். கால் நூற்றாண்டில் இவ்வளவு கீழே பிரிட்டன் இறங்கியதில்லை. வளர்ச்சித் துறை அமைச்சர் அன்னெலீஸ் டாட்ஸ் பதவி விலகினார். அவரை நாம் பாராட்டுகிறோம்; அவருடைய சகாக்களைப் பாராட்ட முடியவில்லை. ஆயுத விற்பனையோடு பிணைந்திருந்த பெர்காவ் உதவியைச் சட்டவிரோதம் என்றது நீதிமன்றம். இன்று ஆயுதம் வாங்க உதவிப் பணம் எடுக்கப்படுகிறது. பெர்காவ் ஊழலைத் துடைக்கத் தனி அமைச்சகம் அமைத்த அதே கட்சியின் கையால் இது நடப்பதுதான் நெஞ்சை அறுக்கிறது.

ஐரோப்பாவில் போர் மூண்டிருக்கிறது, ரஷ்யாவின் அச்சுறுத்தல் மெய்யானது என்பதை மறுக்கவில்லை. ராணுவத்துக்குப் பணம் வேண்டும் என்றால் தன் மக்களிடம் வரி கேட்கும் துணிவு அரசுக்கு இருக்க வேண்டும். உள்ளூர் மருத்துவமனையில் காத்திருப்போர் வரிசை நீளும்போது வெளிநாட்டுக்கு ஏன் கொடுக்க வேண்டும் என்ற பிரிட்டன் குடிமகனின் கேள்வியும் அவமதிக்கத் தக்கதல்ல. அதற்கு நேராகப் பதில் சொல்லி மக்களை இணங்கவைப்பதுதான் அரசியல் தலைமை. வாக்குரிமை இல்லாத வெளிநாட்டு ஏழையிடமிருந்து எடுத்தால் யாரும் தேர்தலில் தண்டிக்கமாட்டார்கள் என்பதால் அங்கிருந்து எடுப்பது கோழைத்தனம். உதவி பெறும் நாடுகளிலும் ஊழல் ஆட்சியாளர்கள் உண்டு. ஆனால் போலியோ சொட்டு மருந்து நின்றால் நோகப்போவது அந்த ஆட்சியாளரின் பிள்ளை அல்ல.

2015 சட்டம் இன்றும் ரத்தாகவில்லை. இலக்கை எட்டாத ஆண்டில் அமைச்சர் நாடாளுமன்றத்தில் ஒரு விளக்க அறிக்கை வைத்தால் போதும் என்ற அதன் பிரிவைப் பிடித்துக்கொண்டு ஆண்டுக்கு ஓர் அறிக்கையோடு கடமையை முடித்துக்கொள்கிறார்கள். இந்தப் போலிப் பணிவு நிற்க வேண்டும். அடுத்த நிதிநிலை அறிக்கையிலேயே தஞ்சம் கோருவோருக்கான செலவு முழுவதும் உள்துறையின் சொந்த ஒதுக்கீட்டுக்கு மாற்றப்பட வேண்டும். இந்த நாடாளுமன்றத்தின் காலம் முடிவதற்குள் ஹோட்டல்களை ஒழிப்போம் என்று நிதி அமைச்சர் ரேச்சல் ரீவ்ஸ் 2025 ஜூனில் சொன்னார். அதுவரை மிஞ்சும் பணம் வெளிநாட்டுத் திட்டங்களுக்கே திரும்ப வேண்டும் என்று சட்டத்தில் எழுத வேண்டும். 0.7-க்குத் திரும்பும் ஆண்டு எது என்று தேதியோடு சொல்ல வேண்டும். சொல்ல மனமில்லை என்றால், சட்டத்தை நீக்க நாடாளுமன்றத்தில் வெளிப்படையாக வாக்குக் கேட்கட்டும். யார் எந்தப் பக்கம் நின்றார் என்பது பதிவாகட்டும். ஓஇசிடி அமைப்பும் தன் பன்னிரண்டு மாதச் சலுகையை ரத்து செய்ய வேண்டும். உறுப்பு நாடுகள் பலவும் அதில் ஆதாயம் பெறுகின்றன என்பது ரத்து செய்வதற்கான காரணமேயன்றித் தயங்குவதற்கான காரணமல்ல.

பிரிட்டனில் வாழும் தமிழ் வாசகர்களிடம் ஒரு கோரிக்கை. தஞ்சம் தேடி அந்த மண்ணில் இறங்கி, இன்று வாக்காளர்களாக வளர்ந்து நிற்கும் குடும்பங்கள் உங்களில் பல. தஞ்சம் கோருவோரின் செலவு யார் தட்டிலிருந்து எடுக்கப்படுகிறது என்று கேட்கும் தகுதி உங்களுக்கு மற்றவரைவிட அதிகம். உங்கள் தொகுதி நாடாளுமன்ற உறுப்பினருக்கு எழுதுங்கள். இந்தக் கணக்கை ஏற்கிறாரா, எதிர்க்கிறாரா என்று எழுத்தில் பதில் கேளுங்கள்.