தொப்பியும் துண்டும்

லண்டன் மாநகரம், 1670ஆம் ஆண்டு. வில்லியம் பென், வில்லியம் மீட் என்ற இரு குவேக்கர்கள் மன்றத்துக்கு இழுத்து வரப்பட்டனர், தெருவிலே கூட்டம் கூட்டினார்கள் என்று. கடவுளைத் தொழும்போதன்றி எந்தக் கனவானுக்கும் தொப்பி கழற்றோம் என்பது அவர்கள் கொள்கை. மன்றப் பணியாளர் ஒருவர் அவர்கள் தொப்பியைக் கழற்றிவிட்டார். நீதிபதிகள் சும்மா இருந்தார்களா? மீண்டும் மாட்டச் சொன்னார்கள். மாட்டியதும், தொப்பியோடு நிற்கிறாயா என்று தலைக்கு 40 மார்க் அபராதம் விதித்தார்கள்!

சிரிக்கிறீர்களா, தோழர்காள்? நம் துண்டின் கதை வேறா? வியர்வை துடைக்க, வெயிலுக்குத் தலையில் போட, உழைப்பவனுக்கு உற்ற துணை அந்தத் துணி. பண்ணையார் தலை தெரிந்தால் அது தோளைவிட்டு இறங்கிக் கக்கத்தில் ஒடுங்க வேண்டும் என்றிருந்தது. ஒடுங்காத துண்டுக்காக அடிபட்டவர் உண்டு, கூலி இழந்தவர் உண்டு. 1950இல் நடைமுறைக்கு வந்த அரசியல் சட்டம், 17ஆவது பிரிவிலே தீண்டாமையை ஒழித்தது. ஆனாலும் டீக்கடையின் இரட்டைக் குவளை அதற்குப் பின்னும் பல ஊர்களில் நீடித்ததே!

மரியாதை மனத்தில் இருந்தால் போதும், சொல்லிலும் செயலிலும் என்ன இருக்கிறது என்று கேட்கிறார்கள் சிலர். நல்ல கேள்வி! பண்ணையாரும் அப்படியே நினைத்து, துண்டைத் தோளிலே விட்டுவைத்திருக்கலாமே?

சுவீடனிலே ஒரு காலத்தில் பட்டம், பதவி சொல்லியே பேசுவது பழக்கமாக இருந்தது. 1967இல் மருத்துவத் துறைத் தலைமைக்கு வந்த பிரோர் ரெக்ஸட், இனி எல்லோரையும் ஒருமையில் அழைப்பேன், என்னையும் அப்படியே அழையுங்கள் என்று ஊழியர்களிடம் சொன்னார். இங்கே அதிகாரி நம்மை ஒருமையில்தான் அழைக்கிறார். திருப்பி அழைத்துப் பாருங்கள், தெரியும் சேதி! ஆகவே நமக்கு வழி வேறு. அங்கே ‘நீங்கள்’ இறங்கிச் சமமாயிற்று. இங்கே ‘நீ’ ஏறிச் சமமாக வேண்டும்.

அதிகாரியை விடுங்கள், நம் வீட்டைப் பார்ப்போம். சாக்கடை அள்ளும் அறுபது வயதுப் பெரியவரை நம் பத்து வயதுப் பிள்ளை ‘வா, போ’ என்கிறது. கற்றுக் கொடுத்தது யார்? ‘திருநங்கை’ என்று மதிப்பான சொல் இருக்க, பழைய இழிசொல் இன்னும் நம் நாவில் புரள்கிறது. மேடையிலே சமத்துவம் முழங்கிவிட்டு, இறங்கியதும் மைக்செட்டுக்காரரை ‘டேய்’ என்பவர் எதிர்முகாமில் மட்டுமா இருக்கிறார்?

அடுத்த கிளைக் கூட்டத்துக்கு நாற்காலி சுமந்து வருகிறவரை எப்படி அழைக்கப் போகிறோம்? போட்டு முடித்தபின் அவர் உட்கார ஒன்று மிச்சம் வைத்திருக்கிறோமா?