வேதாகமத்து நடு ஏடும் பெயரில்லா வரிகளும்

ஐக்கிய அமெரிக்காவின் தலைநகராகிய வாஷிங்ரனிலுள்ள தேசியச் சுவடிச்சாலையிலே, வேதாகமத்தினின்றும் கிழித்தெடுக்கப்பட்ட ஏடுகள் பல பேணி வைக்கப்பட்டிருக்கின்றன. கிழித்தவர்கள் தெய்வ நிந்தனையாளரல்லர். வயது முதிர்ந்த விதவைகள். அமெரிக்க விடுதலைப் போரிலே பொருத வீரரின் மனைவியர் சிலருக்கு உபகாரச் சம்பளம் வழங்குவதற்கு 1836 ஆம் ஆண்டில் ஒரு சட்டம் இயற்றப்பட்டது. இன்னாரை இன்ன காலத்தில் மணந்தேன் என்று காட்டினாலன்றிப் பணம் கிடையாது. அக்காலத்துக் கிராமங்கள் பலவற்றில் விவாகப் பதிவுகாரர் எங்கே இருந்தார்? பழைய ஏற்பாட்டுக்கும் புதிய ஏற்பாட்டுக்கும் நடுவே வெறுமையாக விடப்பட்ட தாள்களில், வீட்டுக்காரர் தம் கைப்பட எழுதிவைத்த பிறப்பு, விவாகம், மரணம் ஆகிய குறிப்புகளே பல வீடுகளில் இருந்த சான்று. அந்த ஏட்டைக் கிழித்து மனுவோடு கோத்து அனுப்பினார்கள். பலருடைய ஏடு திரும்பி வரவில்லை. எத்தனையோ வீடுகளில் நூல் முழுவதும் அழிந்துபோக, கிழித்தனுப்பிய ஏடு மாத்திரம் இன்றைக்கும் இருக்கின்றது.

அமெரிக்க நாட்டுப்புறங்களிலே தம் ஊர் வரலாற்றையும் குடும்ப வமிசாவளியையும் தேடுவோர் மிகப் பலர். பொஸ்ரன் நகரிலே இதற்கென ஒரு சங்கம் 1845 ஆம் ஆண்டிலேயே தொடங்கிவிட்டது. அவர்கள் தேடும் வழியை நோக்கினால் ஓர் உண்மை புலனாகும். குலப்பெருமையை எழுதிவைப்பதற்கென்றே எழுதப்பட்ட கடதாசி அவர்களுக்கு அவ்வளவாகப் பயன்படுவதில்லை. பணம், காணி, வரி முதலிய வேறு காரியத்துக்காக எழுதப்பட்ட கடதாசியே பயன்படுகின்றது. வரலாறு கற்கும் மாணவர்கள் எந்தச் சாசனத்தைக் கையில் எடுத்தாலும், இதை யார், எதற்காக எழுதுவித்தார் என்று முதலிற் கேட்டுப் பழகுதல் நன்று.

அந்நாட்டு மாநிலங்கள் கவுண்டி எனப்படும் சிறு பிரிவுகளாக வகுக்கப்பட்டுள்ளன. அவை மூவாயிரத்துக்கு மேற்பட்டவை. கவுண்டியின் தலையூரிலே ஒரு நீதிமன்றக் கட்டிடம். காணி உறுதி, மரண சாசனம், விவாக அனுமதி எல்லாம் பெரும்பாலும் அங்கேதான் கிடக்கும். அக்கட்டிடம் எரிந்தால் ஊரின் ஞாபகமும் எரிந்தது. 1861 முதல் 1865 வரை நடந்த உள்நாட்டுப் போரிலே தென்பகுதியில் இவ்வாறு எரிந்தவை பல. அவ்விடங்களை ஆராய்வார் "எரிந்த கவுண்டிகள்" என்றே வழங்குகின்றனர். பிறப்புப் பதிவோ மிகப் பிந்தியது. நாடளாவிய பிறப்புப் பதிவுத் திட்டத்திலே கடைசி மாநிலமாக ரெக்சாஸ் சேர்ந்தது 1933 ஆம் ஆண்டில். இரண்டாண்டுகளின் பின்னர் முதியோர்க்குப் பணம் வழங்கும் சமூகப் பாதுகாப்புச் சட்டம் வந்தபோது, எனக்கு 65 வயது என்று நிரூபிக்க வழியில்லாமல் கமக்காரர் பலர் திகைத்தார்கள்.

அவர்களுக்குக் கைகொடுத்தது குடிசன மதிப்பு. 1880 ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பிலே பத்து வயதும் அதற்குட்பட்டதுமான பிள்ளைகள் இருந்த வீடுகளை மட்டும் தெரிந்தெடுத்து, வேலையற்றோர் நிவாரணத் திட்டத்தின் கீழ் ஓர் அட்டவணை எழுதுவித்தனர். அப்பிள்ளைகளே 1930 களில் முதுமையை எட்டிக்கொண்டிருந்தவர்கள். பெயர்களை எழுத்தின்படி வரிசைப்படுத்தாது ஒலியின்படி வரிசைப்படுத்தினார்கள். குதிரையேறி வீடுவீடாகச் சென்ற கணக்கெடுப்பாளர் காதில் விழுந்தவாறே எழுதியமையால், ஒரே குடும்பத்தின் பெயர் பத்தாண்டுக்கொரு முறை உருமாறிக் கிடந்தது. இஃது அலுவலகத் தேவைக்காகச் செய்யப்பட்ட வேலை. இன்றோ பேரப்பிள்ளைகளின் பேரப்பிள்ளைகள் அதனை வைத்துக்கொண்டு பூட்டனைத் தேடுகிறார்கள். எல்லிஸ் தீவில் வந்திறங்கியவரின் பெயரை அங்கிருந்த உத்தியோகத்தர் மாற்றிவிட்டனர் என்று பல குடும்பங்களிலே சொல்லப்படும் கதையை ஆராய்ச்சியாளர் ஒப்புவதில்லை. பெயர்ப் பட்டியல் கப்பல் புறப்பட்ட துறைமுகத்திலேயே எழுதப்பட்டது; அத்தீவில் அதைச் சரிபார்த்தார்கள், அவ்வளவே.

1790 ஆம் ஆண்டிலே தொடங்கிய அக்குடிசன மதிப்பு 1840 வரையில் வீட்டுத்தலைவர் பெயரை மட்டுமே குறித்தது. மனைவி, மக்கள் எல்லாரும் வெறும் எண்ணிக்கை. 1850 இலே சுதந்திரர் ஒவ்வொருவர் பெயரும் எழுதப்பட்டது. "சுதந்திரர்" என்ற சொல்லைக் கவனிக்க. அதற்குப் பின்னர் வருவேன். 1890 ஆம் ஆண்டின் ஏடுகளோ 1921 சனவரியில் வாஷிங்ரனில் ஓர் அலுவலக நிலவறையில் மூண்ட தீயாலும், அதை அணைக்க ஊற்றிய நீராலும் கெட்டன; எஞ்சியவற்றையும் பின்னர் அரசாங்கமே அழித்தது. ஆறு கோடிக்கு மேற்பட்ட பெயர்களிலே மிஞ்சியவை ஏறத்தாழ ஆறாயிரம். விவரங்களை 72 ஆண்டுகளுக்கு வெளியிடலாகாது என்பது விதி. ஆதலால் 1950 ஆம் ஆண்டின் ஏடுகள் 2022 ஏப்பிரலிலேதான் திறக்கப்பட்டன.

இனி, குலப்பெருமைக்கென்றே எழுதியவற்றையும் ஒரு கண் பார்க்கலாம். நாடு விடுதலை பெற்ற நூற்றாண்டு நிறைவை ஒட்டி, ஊர்தோறும் தத்தம் வரலாற்றை எழுதுவிக்குமாறு 1876 இலே காங்கிரஸ் சபை கேட்டுக்கொண்டது. அதைத் தொடர்ந்து தடித்த கவுண்டி வரலாற்று நூல்கள் வெளிவந்தன. வியாபாரிகள் அதிலும் ஆதாயம் கண்டார்கள். முன்பணம் கட்டியவரின் வாழ்க்கை வரலாறு உள்ளே ஏறும். மேலும் கொடுத்தவரின் படமும் ஏறும். ஆகையால் அந்நூல்களைப் பின்னையோர் "மூஞ்சிப் புத்தகம்" என்று ஏளனஞ் செய்தனர். அவற்றைப் புரட்டினால், அக்கவுண்டியிலே கடனாளியோ குடிகாரனோ ஒருவனும் வாழ்ந்ததில்லை என்றே எண்ணத் தோன்றும். ஏழைக் கமக்காரனோ கண்ணிலே படான். அவனைக் காணவேண்டுமாயின் 1862 ஆம் ஆண்டுக் குடியேற்றக் காணிச் சட்டத்தின் கோவைகளை விரிக்க வேண்டும். 160 ஏக்கரில் ஐந்தாண்டு குடியிருந்து பயிர் செய்தால் காணி சொந்தம். பழங்குடி மக்களிடமிருந்து பறித்த நிலமே அது என்பதும் மறக்கத்தக்கதன்று. உரிமை கோரியவர், வீட்டின் நீள அகலம் எவ்வளவு, உழுத நிலம் எவ்வளவு என்றெல்லாம் அயலவர் இருவரின் சாட்சியத்தோடு எழுதிக்கொடுத்தார். இவ்வளவு உண்மையான வாழ்க்கை வரலாற்றைப் பணங்கொடுத்து எழுதுவித்தவர் ஒருவரும் பெறவில்லை.

சேமக்காலைகளும் சாசனமே. ரெனெசி மாநிலத்திலே கிளிஞ்ச் ஆற்றை மறித்து நொறிஸ் அணை கட்டப்பட்டு 1936 இல் நிறைவுற்றது. ஏறக்குறைய மூவாயிரம் குடும்பங்கள் எழுப்பப்பட்டன. லொய்ஸ்ரன் என்ற ஊர் நீருள் மூழ்கிற்று. அம்மலைநாட்டார் தம் இறந்தோரைச் சிறுசிறு குடும்பச் சேமக்காலைகளிலே அடக்கஞ் செய்பவர்கள். பல குழிகளுக்கு அடையாளம் ஒரு காட்டுக்கல். அணை கட்டிய அதிகாரசபையார் ஒவ்வொரு குழியையும் எண்ணி, உறவினரைத் தேடிக்கண்டு, பெயர்த்துக்கொண்டு போவதா, இருந்தவிடத்திலேயே விடுவதா என்று கேட்டு எழுதினார்கள். ஆயிரக்கணக்கான குழிகள் இடம் மாறின. ஊரை மூழ்கடித்தவர்களின் அலுவலகத்திலேயே, அவ்வூரார் தாமும் எழுதிவையாத இறந்தோர் பட்டியல் பிறந்தது.

சுதந்திரர் என்ற சொல்லுக்கு வருகிறேன். 1850 இலும் 1860 இலும் அடிமைகளுக்குத் தனி ஏடு வைத்தார்கள். அதிலே உடையவரின் பெயருண்டு. அதன் கீழே வயது, ஆண் அல்லது பெண், நிறம். பெயருக்கு இடமேயில்லை, "35, ஆண்" என்று ஒரு வரி, "4, பெண்" என்று மற்றொரு வரி. 1860 இலே இவ்வாறு ஏறக்குறைய நாற்பது இலட்சம் மக்கள். போர் முடிந்து அடிமைமுறை ஒழிந்தபின், அவர்கள் பெயரோடு எழுதப்பட்ட முதற் குடிசன மதிப்பு 1870 ஆம் ஆண்டினது. கறுப்பின மக்களிலே வமிசாவளி தேடுவோர் அந்த ஆண்டைச் சுவர் என்கின்றனர். அதற்கு அப்பாற் செல்லவேண்டுமாயின் முன்னோரை உடையவராயிருந்தவரின் மரண சாசனத்தைப் படிக்க வேண்டும். மாட்டுக்கும் கலப்பைக்கும் நடுவே பூட்டியின் பெயரும் அவளுக்கிட்ட விலையும் இருக்கும். 1976 இல் "வேர்கள்" என்ற பொருளுடைய நூலை வெளியிட்ட அலெக்ஸ் ஹேலி, ரெனெசியின் ஹெனிங் என்னும் சிற்றூரிலே பாட்டியிடம் கேட்ட கதைகளிலிருந்து தொடங்கியவர். அவர் கூறிய வமிசத்தொடரை ஆவணங்கள் தாங்கவில்லை என்று பின்வந்தோர் காட்டினர். ஆயினும் அந்நூலைப் படித்தே பல்லாயிரவர் தம் ஊர் நீதிமன்றத்துப் படியேறினார்கள்.

பெயரை மட்டுங்கண்டு உறவு கூறுதல் இங்கே பெரும் பிழையாக முடியும். விடுதலை பெற்றோரிற் சிலர் கடைசியாக உடையவராயிருந்தவரின் குடும்பப்பெயரைக் கொண்டனர். சிலர் அவருக்கு முந்தியவரின் பெயரை. சிலர் தாமே விரும்பியதை. யாழ்ப்பாணத்தவராகிய நமக்கு இது விளங்காத விஷயமன்று. 1816 இலே இங்கு வந்த அமெரிக்க மிஷனரிமாரின் பாடசாலைகளிலே, பிள்ளையின் செலவைத் தாங்கிய அமெரிக்கர் தாம் விரும்பிய பெயரை இடுவிக்கும் வழக்கம் இருந்தது. சென்னைச் சர்வகலாசாலையின் முதற் பட்டதாரிகள் இருவருள் ஒருவராகிய விசுவநாதபிள்ளை "கறோல்" என்ற பெயரையும் உடையவராயினார். அமெரிக்கக் கிராமத்திலிருந்து ஒருவர் நமது பெயர்ப் பட்டியலைப் புரட்டினால், தம் இனத்தவர் பலர் இங்கே வாழ்ந்தனரென்று மயங்க இடமுண்டு.

சுவருக்கு அப்பால் ஒரு சிறு வழியும் உண்டு. விடுதலை பெற்றோர் பணம் சேமிப்பதற்கென 1865 இல் ஒரு வங்கி நிறுவப்பட்டது. பியூபோட், விக்ஸ்பேர்க் முதலிய தென்பகுதி நகரங்களிலே கிளைகள் இருந்தன. பணமிட வந்தவர்களிற் பலருக்குக் கையெழுத்திடத் தெரியாது. மறுமுறை வருபவர் அவர்தாமா என்று அறியவும், இறந்தால் பணம் யாரைச் சேரும் என்று அறியவும், எழுதுவினைஞர் கேள்வி கேட்டுப் பதிந்தார்கள்: பிறந்த இடம், வளர்ந்த இடம், முன்னைய எசமானர், மனைவி, பிள்ளைகள், தாய், தந்தை, சகோதரர். விற்கப்பட்டுப் பிரிந்துபோன உடன்பிறந்தாரின் பெயர்களையும் சிலர் விடாது சொன்னார்கள். 1874 இலே வங்கி முறிந்தது. அறுபதினாயிரத்துக்கு மேற்பட்டோர் இட்ட ஏறக்குறைய முப்பது இலட்சம் டொலர் முடங்கிற்று. பலர் தம் பணத்தின் ஒரு பகுதியையே நெடுநாட் கழித்துப் பெற்றார்கள், பலர் ஒன்றும் பெறவில்லை. பதிவேடுகளில் ஒரு பகுதி தப்பிவிட்டது. அவற்றிலே ஏறக்குறைய நாலு இலட்சத்து எண்பதினாயிரம் பெயர்கள் இருக்கின்றன.