அவர்களும் கட்டணம் கட்டுகிறார்கள்

ஜெர்மனியில் வீட்டுக்கு வீடு ஒளிபரப்புக் கட்டணம் உண்டு. 2021 முதல் மாதம் 18.36 யூரோ. ஓய்வூதியத்தில் தனியாக வாழும் மூதாட்டியின் கணக்கிலிருந்தும் அது போகிறது. ஆனால், திரையில் அவர் வயதுப் பெண்ணைக் காண்பது அரிது.

இது வெறும் மனக்குறை இல்லை, எண்ணிப் பார்த்த கணக்கு. நடிகை மரியா ஃபுர்ட்வெங்லரும் அவர் மகளும் தொடங்கிய மாலிசா அறக்கட்டளையின் முயற்சியால், ரோஸ்டாக் பல்கலைக்கழகம் 2017-ல் ஓர் ஆய்வை வெளியிட்டது. முப்பத்தைந்து வயதுவரை திரையில் ஆணும் பெண்ணும் ஏறத்தாழச் சமம். அதற்குப் பிறகு ஒரு பெண்ணுக்கு இரண்டு ஆண்கள். ஐம்பதைத் தாண்டினால் மூன்று ஆண்கள்! தொலைக்காட்சி நிறுவனங்களே செலவில் பங்கேற்ற ஆய்வு என்பதால், யாராலும் அதைத் தட்டிக்கழிக்க முடியவில்லை.

பார்க்க ஆளில்லை என்று சொல்வதை நாம் ஏற்க மாட்டோம். 'லிண்டன்ஸ்ட்ராஸ' என்ற ஜெர்மன் தொலைக்காட்சித் தொடரில் நடிகை மரீ லூயிஸ மார்யான் 1985 முதல் 2020 வரை ஹெல்கா பைமராக வாழ்ந்தார். நாற்பத்தைந்து வயதில் வந்தவர் எழுபத்தொன்பதில் விடைபெற்றார். அவர் முதுமை அடைந்ததை ஒரு நாடே வாராவாரம் உட்கார்ந்து பார்த்தது.

அதற்கும் முன்பே, 1974-ல், ஜெர்மன் திரைப்பட இயக்குநர் ஃபாஸ்பிண்டர் துணிந்தார். 'பயம் ஆன்மாவைத் தின்கிறது' என்று பொருள்படும் பெயர் கொண்ட படம். துப்புரவு வேலை செய்யும் விதவையாக, அறுபதைத் தாண்டிய பிரிகிட்டே மீரா. தன்னைவிட மிக இளையவரான மொரோக்கோத் தொழிலாளியை மணந்துகொண்டதை அவர் பிள்ளைகளிடம் சொல்கிறார். எழுந்த மகன், அம்மாவின் தொலைக்காட்சிப் பெட்டியை எட்டி உதைத்து உடைக்கிறான். வயதான பெண்ணுக்கு ஆசை இருக்கலாகாது என்ற கோபம் எவ்வளவு பழையது, எவ்வளவு மூர்க்கமானது என்பதை அந்த ஓர் உதை காட்டிவிடுகிறது.

நமக்கு இது புதிதா? 1975-ல் 'அபூர்வ ராகங்கள்' படத்தில் ரஜினிகாந்தின் மனைவி ஸ்ரீவித்யா. 1991-ல் 'தளபதி'யில் அதே ரஜினிக்கு அவரே அம்மா. வயதில் ரஜினிக்கு இளையவர். அப்போது நாற்பதுகூட ஆகவில்லை. நாயகர் நாயகராகவே இருந்தார். இன்றைய மாலைத் தொடர்களிலோ, ஐம்பது கடந்தவள் சதி செய்யும் மாமியார். இல்லையேல் பூஜையறையில் கண்ணைத் துடைக்கும் அம்மா. வேலைக்குப் போனவள், கடை நடத்தியவள், தனியாக வாழத் துணிந்தவள் எங்கே? அந்தத் தொடர்களை நாள் தவறாமல் பார்ப்பவர்களே அவர்கள்தான்.

ஜெர்மனியில் எண்ணியதுபோல் நம் தொலைக்காட்சிகளும் ஒருமுறை எண்ணட்டும். வரும் எண்ணிக்கையை மறைக்காமல் வெளியிடட்டும்.