டிராக்டர் ஆர்.சி. தொலைந்ததா? தள்ளிப் போடாதீர்கள்

பட்டாவையும் பத்திரத்தையும் பீரோவில் பூட்டி வைக்கும் நாம், டிராக்டரின் ஆர்.சி. புத்தகத்துக்கு அந்த மரியாதையைத் தருவதில்லை. அது டூல்ஸ் பெட்டியில் எண்ணெய்த் துணியோடு கிடக்கும். இல்லையென்றால் பரணில் பழைய ரசீதுகளுக்கு நடுவே இருக்கும். ஒரு மழையில் நனைந்து ஒட்டிப்போகும். எலியோ கரையானோ தின்றுவிடும். வண்டி ஓடிக்கொண்டிருக்கும் வரை அது இல்லாத குறை நமக்குத் தெரிவதில்லை. உழவு ஓட்டும்போது வயலில் வந்து யாரும் ஆர்.சி. கேட்பதில்லை.

கேட்கும் நாள் ஒன்று வரும். அது பெரும்பாலும் கை நெருக்கடியான நாளாகவே இருக்கும். மகசூல் பொய்த்து வண்டியை விற்க நினைக்கிறீர்கள். ஆர்.சி. இல்லை என்றதும் வாங்குபவர் விலையைக் குறைக்கிறார். “பரவாயில்லை, ஸ்டாம்ப் பேப்பரில் எழுதிக் கொடுங்கள், பெயரைப் பிறகு மாற்றிக்கொள்கிறேன்” என்கிறார். நீங்களும் கையெழுத்துப் போட்டுப் பணத்தை வாங்கிக்கொள்கிறீர்கள். அந்தப் ‘பிறகு’ பல நேரங்களில் வருவதே இல்லை.

ஆபத்து இங்கேதான் இருக்கிறது. 1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டப்படி, வண்டி யார் பெயரில் பதிவாகியிருக்கிறதோ அவரே உரிமையாளர். வண்டி பல கை மாறியிருந்தாலும், பதிவேட்டில் பெயர் உள்ளவரே விபத்து இழப்பீட்டுக்குப் பொறுப்பு என்று உச்ச நீதிமன்றம் 2018-இல் ஒரு வழக்கில் தீர்ப்பளித்திருக்கிறது. நீங்கள் விற்ற வண்டி எங்கோ ஒருவர் மேல் மோதினால், சம்மன் உங்கள் வீட்டுக்கு வரும். விற்ற பணத்தைவிடப் பெரிய தொகையைக் கட்ட நேரலாம். ஸ்டாம்ப் பேப்பர் அப்போது உங்களைக் காப்பாற்றாது.

இத்தனைக்கும் மாற்று ஆர்.சி. வாங்குவது நாம் பயப்படுகிற அளவுக்குக் கடினமானதல்ல. புத்தகம் தொலைந்திருந்தால், தொலைந்த இடம் எந்தக் காவல் நிலைய எல்லையில் வருகிறதோ அங்கே புகார் கொடுத்து ரசீது வாங்குங்கள். கிழிந்தோ நனைந்தோ போயிருந்தால், மிச்சமிருக்கும் பகுதியைத் தூக்கி எறியாதீர்கள். அதை விண்ணப்பத்தோடு ஒப்படைக்க வேண்டும். விண்ணப்பம் படிவம் 26. வண்டியின் பதிவு எந்த வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் இருக்கிறதோ, அங்கேதான் விண்ணப்பிக்க வேண்டும். பரிவாகன் இணையதளத்திலும் இதற்கு வழி உண்டு. பழைய டிராக்டர்களின் விவரம் கணினியில் ஏறாமல் இருக்கலாம். அப்படியானால் நேரில் போவதே நல்லது. என்ஜின் எண், சேசிஸ் எண், இன்சூரன்ஸ் நகல், அடையாள அட்டை ஆகியவற்றைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். டிரெய்லருக்குத் தனிப் பதிவு எண் இருந்தால், அதன் ஆர்.சி.யும் இருக்கிறதா என்று கூடவே பாருங்கள்.

கடனில் வாங்கிய வண்டி என்றால், கடன் கொடுத்த வங்கியிடமோ நிதி நிறுவனத்திடமோ முதலில் தடையின்மைச் சான்று கேட்க வேண்டும். இங்கேதான் பலர் மாதக்கணக்கில் அலைகிறார்கள். ஆனால், சட்டத்தின் 51-ஆவது பிரிவு உங்கள் பக்கம் நிற்கிறது. நீங்கள் எழுதிக் கேட்ட 7 நாளுக்குள் அவர்கள் சான்று தர வேண்டும். இல்லையென்றால், மறுப்பதற்கான காரணத்தை எழுத்தில் தெரிவிக்க வேண்டும். இரண்டும் செய்யாவிட்டால், சான்று தரப்பட்டதாகவே கருதப்படும். பதில் வரவில்லை என்று நீங்கள் உறுதிமொழி எழுதிக் கொடுத்து விண்ணப்பிக்கலாம். ஆகவே வாய்வார்த்தையாகக் கேட்காதீர்கள். எழுதிக் கொடுங்கள், கொடுத்ததற்கு ஒப்புதல் வாங்குங்கள்.

இன்னொன்றையும் மனதில் வையுங்கள். அப்பா பெயரில் இருக்கும் வண்டிக்கு, அவர் இருக்கும்போதே மாற்று ஆர்.சி. வாங்குவது எளிது. அவர் காலமான பிறகு வாரிசுகள் 30 நாளுக்குள் பதிவு அலுவலகத்துக்குத் தகவல் தர வேண்டும். 3 மாதத்துக்குள் படிவம் 31-இல் பெயர் மாற்றம் கேட்க வேண்டும். துக்க வீட்டில், வாரிசுச் சான்றுக்கும் அலைந்துகொண்டு, தொலைந்த ஆர்.சி.யையும் தேடும் நிலைமையைப் பிள்ளைகளுக்கு வைத்துவிட்டுப் போகலாமா?

அரசுக்கும் இதில் பங்கு இருக்கிறது. 2015 டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு, மக்கள் இழந்த ஆவணங்களுக்கு மாற்று ஆவணம் வழங்கத் தமிழக அரசு சிறப்பு முகாம்கள் நடத்தியது. புயலும் வெள்ளமும் அடிக்கடி தாக்கும் டெல்டா, கடலோர மாவட்டங்களில் இத்தகைய முகாம்கள் வழக்கமான நடைமுறையாக வேண்டும். நிவாரணக் கணக்கெடுப்பில் பயிரும் கால்நடையும் இடம்பெறுவதுபோல, ஆர்.சி. இழப்பும் இடம்பெற வேண்டும். வேளாண்மை அலுவலர்களும் உழவர் குழுக்களை நடத்துபவர்களும், அடுத்த கூட்டத்தில் ஐந்து நிமிடம் ஒதுக்கி, “உங்கள் ஆர்.சி. எங்கே இருக்கிறது?” என்று கேட்டால் போதும். பாதிப் பேர் வீட்டுக்குப் போனதும் தேடத் தொடங்குவார்கள்.

நீங்கள் அந்தக் கூட்டம் வரை காத்திருக்க வேண்டாம். இன்று மாலையே புத்தகத்தை எடுத்துப் பாருங்கள். இருந்தால், கைப்பேசியில் படம் பிடித்து வைத்துவிட்டு, பட்டா இருக்கும் பெட்டியில் பூட்டுங்கள். டிஜிலாக்கரிலும் பதிவிறக்கி வையுங்கள். சாலையில் சோதனையின்போது அதைக் காட்டலாம் என்று 2018-இல் விதி திருத்தப்பட்டுவிட்டது. புத்தகம் இல்லையென்றால், நாளைக் காலை காவல் நிலையத்துக்குக் கிளம்புங்கள். வண்டி உங்கள் கொட்டகையில் நிற்கும்போதே, பதற்றமில்லாமல் முடித்துவிடக்கூடிய வேலை இது.