சுவர் எழுப்பிய கை எங்கே?

சினிமா என்றால் நட்சத்திரம், மிஞ்சினால் டைரக்டர். முதலாளிகளின் பத்திரிகைகள் நமக்குச் சொல்லும் கணக்கு இதுதான். கதை நடக்கும் வீட்டைக் கட்டியது யார்? கேட்பாரில்லை. நாம் கேட்கிறோம்!

பன்சி சந்திரகுப்தா 1924-ல் சியால்கோட்டில் பிறந்தவர். கல்கத்தாவில் கலை இயக்குநரானார். சத்யஜித் ரேயின் ‘பதேர் பாஞ்சாலி’ (1955) படத்துக்காக, போரால் கிராமத்துப் பாழ்வீடு ஒன்றை ஏழைக் குடும்பத்தின் வீடாக்கினார். அடுத்த ஆண்டு ‘அபராஜிதோ’. அதில் வரும் காசி வீட்டு முற்றம் காசியில் இல்லை. கல்கத்தா ஸ்டூடியோவில் எழுப்பிய செட்! மேலே துணி கட்டி, விளக்கொளி அதில் பட்டுத் திரும்பும்படி செய்தார் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா. அசல் வீடே தோற்றது!

‘பளிங்குப் படியும் தங்கத் தூணும்தான் கலை, ஏழை வீட்டுக்குக் கலை எதற்கு?’ என்பார்கள் பணமூட்டைகள். பச்சைப் பொய்! காரை பெயர்ந்த சுவரை மெய்யாகக் காட்ட, அந்தச் சுவருக்குள் வாழ்பவனை அறிந்திருக்க வேண்டும். பன்சி மாளிகை கட்டத் தெரியாதவரல்ல. ‘சாருலதா’வின் (1964) செல்வர் வீடும், ‘சத்ரஞ்ச் கே கிலாடி’யின் (1977) நவாப் தர்பாரும் அவர் அமைத்தவையே.

1981-ல் அவர் மறைந்தார். அவர் பெயராவது படத்தின் தொடக்கத்தில் உண்டு. ஆணியடித்த தச்சன் பெயர் எங்கே? சுண்ணாம்பு பூசிய கூலியாள் பெயர் எங்கே? நெய்தவன் ஒருவன், துணியில் முத்திரை இன்னொருவனுடையது: மில்லில் நாம் காணும் அதே கதை!

தோழர்களே! அடுத்த முறை கொட்டகைக்குப் போனால் நட்சத்திரத்தின் முகத்தை மட்டும் பார்க்காதீர்கள். பின்னாலிருக்கும் சுவரையும் பாருங்கள். அதில் நம் வர்க்கத்தின் கைரேகை இருக்கிறது.